மீந்த ரொட்டியும் முதற்பந்தியும்

திருவண்ணாமலைக்குச் செல்வோர் பெரும்பாலும் இரண்டு காட்சிகளை நெஞ்சில் நிறைத்துக்கொண்டு ஊர் திரும்புவர். ஒன்று, நகரின் நடுவே வானளாவி நிற்கும் அருணாசலேசுவரர் கோயிலின் கோபுரங்கள். மற்றொன்று, அக்கோபுரங்களுக்குப் பின்னே ஏறத்தாழ 2,670 அடி உயரத்திற்கு எழுந்து நிற்கும் மலை. இவ்விரண்டையும் பற்றி எழுதியோர் பலர். இவ்விதழின் வாசகர்களை நாம் அழைத்துச் செல்ல விரும்புவதோ வேறோர் இடத்திற்கு. அது அடுக்களை. புகையும் கரியும் படிந்த அடுக்களையில் காண என்ன இருக்கிறது என்று கேட்கத் தோன்றும். ஒரு குடும்பத்தின் உள்ளம் எத்தகையது என்பதை வரவேற்பறை மறைத்துவிடும், அடுக்களை மறைப்பதில்லை. விருந்து முடிந்தபின் என்ன மீந்தது, அது யாருக்குச் சென்றது என்பதைச் சற்றே கவனித்தால் போதும்.

கிறிஸ்து பிறப்பு விழாவின் பணிகள் நிறைவுற்று, ஆண்டின் இறுதித் திருவழிபாட்டிற்கு முன் நமக்கு மூன்று நாள் ஓய்வு வாய்த்தது. வேலூரிலிருந்து போளூர் வழியாகப் பேருந்தில் அவ்வூரை அடைந்தோம். கார்த்திகை தீபத்தின் பெருங்கூட்டம் கலைந்திருந்தது. மார்கழியின் குளிர் மலையடிவாரத்தில் இனிமையாகத் தங்கியிருந்தது. கோயிலிலிருந்து தென்மேற்கே செங்கம் சாலையில் ஏறத்தாழ இரண்டு கிலோமீட்டர் சென்றால் ரமணாசிரமம். அதனைச் சூழ்ந்துள்ள பகுதியை ரமண நகர் என்பர். மலையைச் சுற்றி வருவோர் நடக்கும் 14 கிலோமீட்டர்ப் பாதையும் அவ்வழியே செல்கிறது.

இப்பகுதியின் தெருக்களில் நடப்பவருக்கு முதலில் வியப்பளிப்பது, அங்கே கலந்து ஒலிக்கும் மொழிகள். இளநீர் விற்பவர் ஒருபுறம். காவி உடுத்த சாதுக்கள் ஒருபுறம். பருத்தி ஆடையும் தோள்பையுமாய் நடக்கும் ஐரோப்பியர் ஒருபுறம். நவம்பர் முதல் மார்ச்சு வரை குளிர்காலத்தைக் கழிக்க ஆண்டுதோறும் இங்கு வந்து, வீடு வாடகைக்கு எடுத்துத் தங்கும் வெளிநாட்டார் பலர். அவர்களை நம்பியே கோதுமை ரொட்டி சுடும் கடைகள் சிலவும் அங்கே தோன்றியுள்ளன. இட்டிலி வேகும் மணமும் ரொட்டி சுடும் மணமும் ஒரே தெருவில் நம்மை எதிர்கொண்டன.

ஆசிரமத்தின் அடுக்களை

ஆசிரமத்தின் வரலாற்றை அதன் அடுப்பிலிருந்து தொடங்குவதே பொருத்தம் என்று நமக்குத் தோன்றுகிறது. திருச்சுழியில் 1879 டிசம்பர் 30ஆம் நாள் பிறந்த வேங்கடராமன் என்னும் சிறுவர், பதினாறு வயதில் வீட்டைத் துறந்து, 1896 செப்டம்பர் 1ஆம் நாள் திருவண்ணாமலையை அடைந்தார். அவரே பின்னாளில் ரமண மகரிஷி என அறியப்பட்டவர். தொடக்கத்தில் அன்பர் கொணர்ந்ததையும் ஊரில் பிச்சையாகக் கிடைத்ததையும் உண்டு குகைகளில் வாழ்ந்தவரிடம் அடுப்பு ஏது? 1916ஆம் ஆண்டில் அவருடைய தாயார் அழகம்மாள் மகனோடு தங்க வந்த பின்னரே, மலைமேல் உள்ள கந்தாசிரமத்தில் முறையான சமையல் தொடங்கியது. தாயார் அப்பளம் இட உதவிக்கு அழைத்தபோது, மகன் அப்பளம் இடும் செயலையே உருவகமாக்கி ஒரு பாட்டு இயற்றித் தந்தார் என்பதும் ஆசிரம வரலாற்றில் இடம்பெற்றுள்ளது.

1922 மே 19ஆம் நாள் அத்தாயார் காலமானார். மலையடிவாரத்தில் அவரை அடக்கம் செய்த இடத்தைச் சுற்றியே இன்றுள்ள ஆசிரமம் எழுந்தது. தாய் ஒருத்தி மூட்டிய அடுப்பும் அவளது கல்லறையும் ஓர் ஊரின் தொடக்கமாயின என்பது நம் குடும்பங்கள் எண்ணிப் பார்க்கத்தக்க செய்தி அன்றோ?

ஆசிரமம் வளர்ந்த பிறகு, மகரிஷி விடியுமுன் எழுந்து அடுக்களைக்குச் சென்று காய்கறி நறுக்குவதும், சட்டினி அரைப்பதும், குழம்பின் பக்குவம் பார்ப்பதும் பல ஆண்டுகள் வழக்கமாயிருந்தன. அவருடன் அடுக்களையில் பணியாற்றிய மகளிருள் சம்பூர்ணம்மாள் ஒருவர். அவர் சொல்லிச் சென்ற நினைவுகளுள் ஒன்று நம் உள்ளத்தைப் பெரிதும் கவர்ந்தது.

ஒருமுறை ஆசிரமத்திற்குக் கத்திரிக்காய் வண்டி வண்டியாக வந்து சேர்ந்ததாம். நாள்தோறும் கத்திரிக்காயே சமைத்ததில் காம்புகள் மட்டும் மூலையில் குவியலாய்க் கிடந்தன. அவற்றையும் கறியாகச் சமைக்கும்படி மகரிஷி கூறினார். மாடுகூடத் தின்னாத காம்பைக் கறியாக்குவதா என்று சமையல் மகளிர் திகைத்தனர். காய்ந்த பட்டாணியோடு சேர்த்து அடுப்பில் ஏற்றினர். ஆறு மணி நேரம் கொதித்தும் அவை மசியவில்லை. கறி எப்படி இருக்கிறது என்று அவர் வந்து வினவ, இது கறியன்று, இரும்பாணி என்று சம்பூர்ணம்மாள் சிரித்துக்கொண்டே விடையளித்தார். மகரிஷி கரண்டியால் கிளறிப் பார்த்துவிட்டு ஒன்றும் கூறாமல் போய்விட்டார். சிறிது நேரத்தில் காம்புகள் வெந்து பதமாயின. அன்று பந்தியில் அமர்ந்தோர் அக்கறியை மறுமுறையும் கேட்டு வாங்கி உண்டனராம்.

இதைச் சிக்கனத்தின் கதையாக மட்டும் கொள்ளலாகாது. இதனோடு சேர்த்து அறிய வேண்டிய மற்றொரு செய்தி உண்டு. முதல் நாள் மீந்த குழம்பையும் கறியையும் மறுநாள் காலையில் சூடாக்கி இட்டிலியோடு பரிமாறும் வழக்கத்தை அவர் அங்கே நிலைநிறுத்தினார். மீந்த உணவை உண்ணலாகாது என்னும் ஆசாரம் உடையோர் அதற்குத் தயங்கினர். மீந்ததை வாசலில் நிற்கும் பிச்சைக்காரருக்குக் கொடுத்துவிடலாமே என்பது அவர்கள் கருத்து. அதை அவர் ஏற்கவில்லை. எல்லாருக்கும் சமைத்த அதே உணவையே ஏழைகளுக்கும் அளிக்க வேண்டும். அதுவும் முதலில் அளிக்க வேண்டும். தரம் குறைந்ததை அவர்களுக்கென ஒதுக்கலாகாது என்பதில் அவர் உறுதியாக இருந்தார். மீந்தது வீட்டாருக்கு, புதியது வாசலில் நிற்பவருக்கும் என்னும் இவ்வொழுங்கு, உலக வழக்கை அப்படியே தலைகீழாகத் திருப்பி வைப்பது அன்றோ?

இன்றும் அங்கே முற்பகலில் சாதுக்களுக்கும் ஏழைகளுக்கும் முதலில் உணவு வழங்கப்படுகிறது. அதன் பின்னரே உள்ளே பந்தி தொடங்குகிறது. நாம் சென்ற நாளிலும் அவ்வாறே கண்டோம். முற்றத்தின் பழைய இலுப்பை மரத்தடியில் மயில்கள் உலவ, பாத்திரங்களோடு வரிசையில் நின்றோர் முதலில் உணவு பெற்றுச் சென்றனர். மணி அடித்த பின் நாமும் மற்றவரோடு தரையில் அமர்ந்து உண்டோம். வெளியே அளித்த சாதமும் குழம்புமே உள்ளேயும் வந்தன.

கடல் கடந்து வந்தவர்கள்

பால் பிரன்டன் என்னும் ஆங்கிலேயர் எழுதி 1934ஆம் ஆண்டு வெளிவந்த நூலால் இவ்வாசிரமம் மேனாடுகளில் அறிமுகமாயிற்று. 1935ஆம் ஆண்டில் வந்த மேஜர் சாட்விக் என்னும் ஆங்கிலேயப் படை அதிகாரி இறுதிவரை இங்கேயே வாழ்ந்து மறைந்தார். நம் திருச்சபையைச் சேர்ந்தோரும் வந்துள்ளனர். பிரான்சு நாட்டுக் குருவான ஜூல்ஸ் மோன்ஷானேன் அடிகளும், பெனடிக்ட் சபைத் துறவியான ஆன்றி லெ சோ அடிகளும் 1949 சனவரியில் இங்கு வந்து மகரிஷியைக் கண்டனர். மறு ஆண்டே அவ்விருவரும் குளித்தலையை அடுத்த தண்ணீர்ப்பள்ளியில் சச்சிதானந்த ஆசிரமத்தை நிறுவினர். மகரிஷி 1950 ஏப்ரல் 14ஆம் நாள் மறைந்தார். அதற்குப் பின்னும் லெ சோ அடிகள் அபிஷிக்தானந்தர் என்னும் பெயரோடு இம்மலைக் குகைகளில் பலமுறை தங்கித் தியானித்தார்.

இத்தகையோர் தம் நூல்களையும் வினாக்களையும் சுமந்து வந்தனர். அவர்களுக்குப் பின் வந்தோர் தம் ஊர்ச் சமையலையும் சுமந்து வந்தனர். அவ்வாறு வந்த ஒரு பண்டத்தைப் பற்றியே இனிக் கூறப்போகிறோம்.

ரொட்டிக் குழம்பு

ரமண நகரின் சந்து ஒன்றில், எழுபது வயதைக் கடந்த ஆங்கிலேய மூதாட்டி ஒருவர் ஆண்டுதோறும் குளிர்காலத்தில் வந்து தங்குகிறார். நம் பழைய நண்பர் ஒருவர் வாயிலாக அறிமுகமாகி, அன்று நண்பகல் உணவிற்கு நம்மை அழைத்தார். கிறிஸ்து பிறப்பு விழாவின் எட்டு நாள்கள் இன்னும் முடியவில்லையாதலால், அதையும் விழா விருந்தாகவே அவர் கருதினார். இங்கிலாந்தில் அவ்விருந்து என்றால் வான்கோழியோ கோழியோ அடுப்பிலிட்டு முழுதாகச் சுட்டு மேசைக்கு வரும். அதன் அருகில் வெண்ணிறமாய், கூழைப் போன்ற பதத்தில் ஒரு கிண்ணம் இருக்கும். ‘பிரெட் சாஸ்’ என்று அவர்கள் அழைக்கும் அதனை நாம் ரொட்டிக் குழம்பு எனலாம்.

மலையடிவாரத்தின் வழக்கத்தை மதித்து அம்மூதாட்டி புலால் சமைப்பதில்லை. உருளைக்கிழங்கையும் பரங்கிக்காயையும் பூக்கோசையும் பெரிய துண்டுகளாக அரிந்து, எண்ணெயும் உப்பும் மிளகும் பூசி, சிறிய மின்னடுப்பில் பொன்னிறமாகச் சுட்டெடுத்தார். குழம்பை மட்டும் தம் தாயார் செய்த முறையிலேயே செய்தார். வீட்டு வேலைக்கு உதவியாய் வரும் உள்ளூர் அம்மையார் ஒருவர் அருகில் இருந்தார். நாமும் அடுக்களை வாயிலில் முக்காலி போட்டு அமர்ந்து கவனித்தோம்.

முதலில் ஒரு பெரிய வெங்காயத்தை உரித்து, அதன் முதுகில் கிராம்புகளை ஆணி அறைவதுபோல் ஒவ்வொன்றாகக் குத்தி வைத்தார். அதைப் பாலில் இட்டு, ஒரு பிரிஞ்சி இலையும் சில மிளகும் சேர்த்து, பால் பொங்காதவாறு மெல்லிய தீயில் சூடேற்றினார். ஓரங்களில் சிறு குமிழிகள் தோன்றியதும் இறக்கி, மூடி, அரைமணி நேரத்திற்குமேல் அப்படியே வைத்தார். கிராம்பின் மணமூட்டும் எண்ணெய் கொழுப்பில் கரையக்கூடியது. பாலில் கொழுப்பு இருப்பதால் அம்மணம் முழுதும் பாலில் இறங்கிவிடுகிறது. பிறகு பாலை வடிகட்டி, முந்தின நாள் ரொட்டியை உதிர்த்த தூளை அதிலிட்டு, மீண்டும் மெல்லிய தீயில் கிளறினார். கால்மணி நேரத்தில் தூள் பாலைக் குடித்து உப்பி, கரண்டியிலிருந்து மெதுவாக விழும் பதத்திற்கு வந்தது. உப்பு, ஒரு துண்டு வெண்ணெய், சிறிது பாலேடு, துருவிய ஜாதிக்காய் ஒரு சிட்டிகை. அவ்வளவே.

மேசையில் ஐந்து தட்டுகள் வைக்கப்பட்டிருந்தன. மூதாட்டி, அவர் தோழியர் இருவர், நாம் ஆக நால்வர். ஐந்தாவது அவ்வுள்ளூர் அம்மையாருக்கு. அவர் முதலில் தயங்கினார். பின்னர் அமர்ந்து, சுட்ட உருளைக்கிழங்கைக் குழம்பில் தோய்த்து உண்டுவிட்டு, நம்மைப் பார்த்துச் சிரித்தார்.

“காரம் இல்லேன்னாலும் நல்லாத்தான் இருக்குது ஐயா. தினமும் முந்தின நாளு ரொட்டி எனக்குத்தான் வரும். பழசு எனக்கு, புதுசு அவங்களுக்கு. இன்னைக்குத்தான் பழசு எல்லாருக்கும் வந்திருக்குது” என்றார்.

அதில் குறைகூறும் தொனி சிறிதும் இல்லை. உள்ளதை உள்ளபடி சொன்னார். அவர் கூறியது என்னவென்று மூதாட்டி நம்மிடம் கேட்டார். மழுப்பாமல் ஆங்கிலத்தில் கூறினோம். அவர் சற்று நேரம் பேசவில்லை. தட்டில் மீதியிருந்ததை மெல்ல உண்டு முடித்தார். மறுநாள் காலை விடைபெறச் சென்றபோது, அன்று வாங்கிய புதிய ரொட்டி இரண்டாக அறுக்கப்பட்டிருந்தது. ஒரு பாதி அவர் மேசைமேல் இருந்தது. மறுபாதி வெள்ளைத் துணியில் பொதிந்து, உதவிக்கு வரும் அம்மையாரின் பைக்கருகில் வைக்கப்பட்டிருந்தது.

குழம்பின் கதை

பழைய ரொட்டியால் குழம்பைக் கெட்டியாக்கும் இம்முறை மிகத் தொன்மையானது. பதினான்காம் நூற்றாண்டின் இறுதியில், இங்கிலாந்தின் இரண்டாம் ரிச்சர்டு மன்னருடைய சமையல் வல்லுநர்கள் தொகுத்த ஏட்டிலேயே ரொட்டியைக் கொண்டு குழம்புகளைக் கெட்டியாக்கும் முறைகள் காணப்படுகின்றன. அக்காலத்தில் ஐரோப்பா முழுவதிலும் அதுவே வழக்கம். பதினேழாம் நூற்றாண்டில் பிரான்சு நாட்டில், கொழுப்பில் மாவை வறுத்துக் குழம்பைக் கெட்டியாக்கும் முறை பரவலாயிற்று. பின்னர் ரொட்டி சேர்த்த குழம்புகள் பலவும் மறைந்தன. ஆங்கிலேயரின் மேசையில் இந்த ஒன்று பிழைத்து நிற்கிறது.

நம் நாட்டிற்கு இத்தகைய சமையலைக் கொணர்ந்தோர் ஆங்கிலேய ஆட்சியாளர்கள். கர்னல் கென்னி-ஹெர்பர்ட் என்பவர் ‘வைவர்ன்’ என்னும் புனைபெயரில் எழுதிய சமையல் நூல் 1878ஆம் ஆண்டில் சென்னையில் வெளியாயிற்று. குழம்பு வகைகளை விரிவாகப் பேசும் அந்நூலில், ஆங்கிலேயர் வீடுகளில் சமைத்த தமிழர் அனைவருக்கும் ‘ராமசாமி’ என்னும் ஒரே பெயரைச் சூட்டியிருக்கிறார் அவர். தம் வாழ்நாளில் சுவைத்தறியாத உணவைப் பிறர் நாவுக்கேற்பச் செய்து முடித்த அக்கைகளின் உண்மைப் பெயர்களை யாரும் எழுதிவைக்கவில்லை.

அவர்களுக்கு முன்னரே போர்ச்சுகீசியர் வந்தனர். யாழ்ப்பாணத்தார் இன்றும் ரொட்டியைப் ‘பாண்’ என்கின்றனர். ‘மேசை’ என்பதும் அவர்கள் தந்த சொல்லே. நம் பழைய குருக்கள் இல்லங்களில் அடுக்களையைக் ‘குசினி’ என்று வழங்குவதும் அவர்கள் மொழியிலிருந்து வந்ததே. ஆகவே ரொட்டியும் மேசையும் குசினியும் நமக்குப் புதியன அல்ல.

இக்குழம்பின் தத்துவமும் நமக்குப் புதியதன்று. உலர்ந்து மொறுமொறுப்பாய் வறுத்த பண்டத்திற்குத் துணையாக மென்மையான, நீர்ப்பதமுள்ள ஒன்று வேண்டும். உருளைக்கிழங்கு வறுவலுக்கு நம் வீடுகளில் மோர்க்குழம்பு வைப்பதும் அதனாலன்றோ? ஊறவைத்த அரிசியும் துவரம்பருப்பும் தேங்காயும் அரைத்து நாம் மோரைக் கெட்டியாக்குகிறோம். அவர்கள் தம் வீட்டில் மீந்திருக்கும் ரொட்டியால் பாலைக் கெட்டியாக்குகின்றனர்.

இல்லத்தரசியருக்கு

நம் பங்குக் குடும்பங்களில் விழாக் காலத்தில் கோழி சுடுவோர் உளர். அவர்கள் இதனைச் செய்து பார்க்கலாம். ஆறு பேருக்குப் போதுமான அளவைத் தருகிறோம்.

பால் அரை லிட்டர். பெரிய வெங்காயம் ஒன்று. கிராம்பு ஆறு முதல் எட்டு வரை. பிரிஞ்சி இலை ஒன்று. மிளகு எட்டு. ஓரம் நீக்கிய ரொட்டித் தூள் 100 கிராம் முதல் 120 கிராம் வரை. வெண்ணெய் 30 கிராம். பாலேடு இரண்டு மேசைக்கரண்டி. உப்பும் ஜாதிக்காயும் தேவைக்கேற்ப.

ரொட்டியைத் தேர்வதில் கவனம் வேண்டும். நம் கடைகளில் விற்கும் ரொட்டி பலவும் சர்க்கரை மிகுந்தவை. இனிப்பில்லாத ரொட்டியைக் கேட்டு வாங்குக. அன்று சுட்ட ரொட்டி உதவாது. அது பாலில் பசையாகிவிடும். ஒருநாள் கடந்த ரொட்டியில் மாவுச்சத்து இறுகியிருப்பதால், கையால் உதிர்த்தாலே தூளாகும். பாலைப் பருகியும் பசையாகாது. பூஞ்சணம் ஒரு புள்ளி தென்பட்டாலும் அந்த ரொட்டியை முழுதும் நீக்கிவிடுக. அது சிக்கனத்திற்குரிய இடமன்று.

எண்ணி இட்ட கிராம்புகளை எண்ணியே வெளியே எடுக்க வேண்டும். கிராம்பு மிகுந்தால் மருந்து நெடி வந்துவிடும். கன்னியாகுமரி மாவட்டத்து மாறாமலைத் தோட்டங்களில் விளையும் நல்ல கிராம்பாயின் ஆறே போதும். எலுமிச்சைச் சாறு போன்ற புளிப்பு எதையும் சேர்த்தால் பால் திரிந்துவிடும். குழம்பு ஆறினால் இறுகும். பரிமாறுமுன் சிறிது சூடான பால் ஊற்றித் தளர்த்துக. காரம் விரும்பும் நம் இளைஞர்களுக்காக, நெய்யில் வாட்டிய பச்சைமிளகாய் ஒன்றைப் பாலோடு ஊறவைத்து எடுத்துவிடலாம். வடிகட்டிய வெங்காயத்தை எறிய வேண்டா. கிராம்பை நீக்கி நறுக்கினால் மறுநாள் பொரியலுக்கு ஆகும். நீக்கிய ஓரங்களை வெயிலில் உலர்த்திப் பொடித்தால் கட்லெட் புரட்ட உதவும். குழம்பே மீந்தாலும், குளிர்சாதனப் பெட்டியில் வைத்து மறுநாள் மசித்த உருளைக்கிழங்கோடு பிசைந்து கட்லெட் தட்டலாம்.

யாருக்கு எது?

ஐயாயிரம் பேர் உண்டு நிறைந்த பின், மீந்த துண்டுகள் வீணாகாதபடி சேர்த்து வைக்க ஆண்டவர் தம் சீடரைப் பணித்ததை யோவான் நற்செய்தியின் ஆறாம் அதிகாரத்தில் வாசிக்கிறோம். பன்னிரண்டு கூடைகள் நிறைந்தன. அத்துண்டுகள் தனியாகச் செய்த வேறு அப்பமல்ல. எல்லாரும் உண்ட அதே அப்பத்தின் பகுதிகள். சீடர்களும் கூட்டத்தாரும் உண்டது ஒன்றே.

நம் ஊர்களில் கிறிஸ்து பிறப்பு விழாவன்று நடப்பதை நினைத்துப் பார்ப்போம். காலையில் திருப்பலி. நண்பகலில் உறவினரோடு விருந்து. மாலை நான்கு மணிக்குமேல், அண்டாவில் அடியில் தங்கிய பிரியாணியும், ஆறிப்போன குழம்பும், உதிர்ந்த கேக்கும் பொட்டலமாகி, வேலைக்கு வரும் பெண்ணின் கைக்கோ கோயில் வாசலில் அமர்ந்திருப்பவரின் கைக்கோ போகின்றன. கொடுத்தோம் என்னும் நிறைவோடு நாம் உறங்கச் செல்கிறோம். கொடாமல் இருப்பதைவிட அது நல்லதே. அக்கொடையை இழிவுபடுத்த நாம் விரும்பவில்லை. எனினும், பழையது அவர்களுக்கு, புதியது நமக்கு என்னும் வழக்கை எல்லா ஆண்டும் எல்லா விழாவிலும் தொடரும்போது, சொல்லாமலே ஒன்றைச் சொல்லி விடுகிறோம். நம் பிள்ளைகள் அதைக் கேட்டு வளர்கின்றனர். எந்தத் தட்டு யாருக்கு என்பதை மறைக்கல்வி வகுப்பில் கற்கும் முன்னரே அவர்கள் வீட்டில் கற்றுவிடுகின்றனர்.

விருந்தோம்பலுக்குத் திருவள்ளுவர் ஓர் அதிகாரமே ஒதுக்கியிருக்கிறார். விருந்து என்னும் சொல்லுக்குப் புதுமை என்பதே பழைய பொருள். புதிதாய் வந்தவருக்குப் புதியதைப் படைப்பதே விருந்து. பழையதைப் புதிதாக்கி வீட்டார் உண்பதற்கு, கத்திரிக் காம்புக் கறியும் ரொட்டிக் குழம்பும் வழி காட்டுகின்றன. இவ்விரண்டு கலைகளும் ஒரே அடுக்களையில் நிகழக்கூடியவையே. ஆகவே, அடுத்த விழாவில் இல்லத்தார் ஒன்று செய்யலாம். சமைத்து இறக்கியவுடன், சொந்தத் தட்டுகளை எடுக்குமுன், முதல் பாத்திரத்தை நிரப்பி வாசலுக்கு அனுப்பலாம். உதவிக்கு வருபவரைப் பந்தியில் உடன் அமர்த்தலாம். மாலையில் மீந்திருப்பதை அப்பாவும் அம்மாவும் பிள்ளைகளும் மறுநாள் காலையில் தாமே உண்ணலாம்.

செலவு ஒன்றும் கூடாது. அதே அரிசி, அதே கோழி, அதே ரொட்டி. பரிமாறும் வரிசை மட்டுமே மாறும். அதைப் பிள்ளைகள் ஒருமுறை தம் கையால் செய்யட்டும். முதல் பாத்திரத்தை வாசல்வரை சுமந்து செல்லும் பணியை வீட்டின் கடைக்குட்டிக்கே கொடுங்கள்.